கேள்வி கேட்டவரைப் பற்றிக் கேள்விகள்

கேள்வி (சிவகாசி வாசகர்): போன இதழில் பேட்டிகளைப் பற்றி எழுதும்போது, "ராபின் டே வந்த பிறகு பிரிட்டனில் எந்த அமைச்சரும் தயாரிப்பு இல்லாமல் கேமரா முன் உட்காரத் துணியவில்லை" என்று ஒரே ஒரு வரி எழுதிவிட்டு நகர்ந்துவிட்டீர்கள். யார் அவர்?

இந்த ஒரு வரிக்கு வந்த கடிதங்களே இந்த இதழின் பக்கங்களை நிரப்பிவிடும். அதனால் இந்த முறை முழுக்க ராபின் டேதான்.

பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் அரசியல் தலைவர்களைப் பேட்டி எடுத்துப் புகழ்பெற்றவர். 1923இல் லண்டனில் பிறந்தவர். போர்க்காலத்தில் பீரங்கிப் படையில் சேர்ந்து கிழக்கு ஆப்பிரிக்காவில் இருந்தார். போர் முடிந்து ஆக்ஸ்ஃபோர்டில் சட்டம் படித்தார். 1950இல் அங்குள்ள மாணவர் விவாத மன்றத்தின் தலைவர் ஆனார். பிரிட்டிஷ் அரசியலில் பாதிப் பேர் அந்த மன்றத்தில் பேசிப் பழகியவர்கள்தான். 1952இல் வக்கீலாகப் பதிவு செய்துகொண்டார். ஆனால் நீதிமன்றத்தில் நிலைக்கவில்லை. கொஞ்ச நாள் வாஷிங்டனில் பிரிட்டிஷ் தகவல் அலுவலகத்தில் வேலை, கொஞ்ச நாள் பிபிசி வானொலியில் வேலை. முப்பது வயதைத் தாண்டியும் ஒரு இடத்தில் காலூன்றாத மனிதர்.

1955 செப்டம்பர் 22 அன்று பிரிட்டனில் தனியார் தொலைக்காட்சி தொடங்கியது. அதற்குச் செய்தி தயாரித்துக் கொடுக்க ஐடிஎன் என்று ஒரு நிறுவனம். இரண்டு பேரை முகமாக வைத்தார்கள். ஒருவர் கிறிஸ்டோபர் சாட்டவே, ஓட்டப்பந்தய வீரர், 1954இல் 5,000 மீட்டரில் உலக சாதனை படைத்தவர், பார்க்க அழகானவர். இன்னொருவர் ராபின் டே. தடித்த கறுப்புச் சட்டக் கண்ணாடி, கனத்த முகம், முறைத்துப் பார்ப்பது மாதிரி ஒரு பார்வை, கழுத்தில் வில் டை. தொலைக்காட்சிக்கு ஏற்ற முகம் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். அவரைத் தேர்ந்தெடுத்தவர்களுக்கு நான் மனதார நன்றி சொல்கிறேன்.

அதுவரை நிலைமை என்ன என்று தெரிந்தால்தான் அவர் செய்ததன் அளவு புரியும். பிபிசி தொலைக்காட்சியில் செய்தி வாசிப்பவரின் முகத்தையே காட்ட மாட்டார்கள். முகம் தெரிந்தால் ஒரு புருவ அசைவுகூடக் கருத்தாக எடுத்துக்கொள்ளப்படும் என்று பயம். தனியார் போட்டி வரப்போகிறது என்றதும் 1955இல்தான் முகம் காட்டினார்கள். அமைச்சர்களிடம் பேட்டி எடுப்பது என்றால், விமானத்திலிருந்து இறங்கி வரும் அமைச்சரிடம் "பயணம் நல்லபடியாக இருந்ததா, நாட்டு மக்களுக்கு ஏதாவது சொல்ல விரும்புகிறீர்களா" என்று கேட்பதுதான். அவர் சொல்ல விரும்புவதைச் சொல்லிவிட்டுக் காரில் ஏறுவார்.

அதோடு 'பதினான்கு நாள் விதி' என்று ஒன்று. அடுத்த 14 நாட்களுக்குள் நாடாளுமன்றத்தில் விவாதிக்கப்படப் போகும் எந்தப் பொருளையும் வானொலியிலோ தொலைக்காட்சியிலோ விவாதிக்கக் கூடாது. பிபிசி தனக்குத்தானே வைத்திருந்த இந்தக் கட்டுப்பாட்டை 1955இல் அரசு கட்டாய ஆணையாகவே ஆக்கிவிட்டது. நாட்டில் எல்லோரும் பேசிக்கொண்டிருக்கும் விஷயத்தைத் தொலைக்காட்சி மட்டும் பேசக் கூடாது! சூயஸ் நெருக்கடி வந்தபோது இந்த விதியின் அபத்தம் எல்லோருக்கும் தெரிந்துவிட்டது. 1956 முடிவில் நிறுத்தி வைத்தார்கள். அப்புறம் அது திரும்பவே இல்லை. ராபின் டேயின் காலம் சரியாக அந்த இடத்தில் தொடங்குகிறது.

கேள்வி (கும்பகோணம் வாசகர்): அவருடைய பேட்டிகளில் உங்களை மிகவும் பாதித்தது எது? ஏன்?

1957இல் கெய்ரோவில் எகிப்து அதிபர் நாசரோடு எடுத்தது. யோசிக்காமல் சொல்வேன்.

பின்னணியைப் பாருங்கள். 1956 ஜூலையில் நாசர் சூயஸ் கால்வாயை நாட்டுடைமை ஆக்கினார். அக்டோபர் கடைசியில் இஸ்ரேல் படையெடுத்தது, பிரிட்டனும் பிரான்ஸும் குண்டு வீசின. நவம்பரில் போர் நிறுத்தம், டிசம்பரில் படைகள் வாபஸ், ஜனவரியில் பிரிட்டிஷ் பிரதமர் ஈடன் ராஜினாமா. இரு நாடுகளுக்கும் தூதரக உறவே கிடையாது. லண்டன் பத்திரிகைகள் நாசரை ஹிட்லரோடு ஒப்பிட்டு எழுதிக்கொண்டிருந்தன. இந்த நிலையில் ஒரு பிரிட்டிஷ் நிருபர் போய், அதிபர் வீட்டுத் தோட்டத்தில் எதிரெதிரே நாற்காலி போட்டு உட்கார்ந்து பேசுகிறார். நேற்றுவரை குண்டு வீசப்பட்ட நாட்டின் தலைவர், குண்டு வீசிய நாட்டின் வரவேற்பறைகளுக்குள் நேராக வந்து பேசினார். எதிரியின் முகத்தை நம் வீட்டில் காட்டுவதா என்று கோபப்பட்டவர்களும் இருந்தார்கள்.

அந்தப் பேட்டியில் ஒரு இடம். இஸ்ரேல் ஒரு சுதந்திர நாடாக நிரந்தரமாக இருப்பதை நீங்கள் இப்போது ஏற்றுக்கொள்கிறீர்களா என்று டே கேட்டார். நாசர் சிரித்துக்கொண்டே, நீங்கள் முடிவுக்குத் தாவுகிறீர்கள் என்றார். டே உடனே, இல்லை, நான் ஒரு கேள்வி கேட்கிறேன் என்றார்.

அவ்வளவுதான். குரல் உயரவில்லை. ஆனால் இந்த ஒரு பதிலுக்காக நான் அந்தப் பேட்டியைத் திரும்பத் திரும்பப் படித்திருக்கிறேன். நாசர் அந்த நேரத்தில் செய்தது பெரிய தலைவர்கள் எல்லோரும் செய்வது: கேள்வியை ஒரு குற்றச்சாட்டாக மாற்றிவிட்டு, குற்றச்சாட்டுக்குப் பதில் சொல்லாமல் நகர்வது. அதை அந்த நொடியிலேயே கண்டுபிடித்து, கேள்வியைத் திரும்ப எடுத்துவந்து கேள்வியாகவே மேஜை மேல் வைக்க வேண்டும். அதற்கு எதிரில் இருப்பவர் சொல்வதை ஒரு சொல் விடாமல் காது கொடுத்துக் கேட்டிருக்க வேண்டும். எழுதிக் கொண்டுவந்த தாளில் அடுத்த கேள்வி என்ன என்று பார்த்துக்கொண்டிருந்தால் அது நடக்காது.

நானும் மதுரையில் கொஞ்ச காலம் கறுப்பு கவுன் போட்டுவிட்டுத்தான் பத்திரிகைக்கு வந்தேன். என் சீனியர் சாட்சியை விசாரிக்க எழுந்தால் கையில் கேஸ் கட்டு இருக்காது. எல்லாம் முந்தின இரவே மனதில் ஏறியிருக்கும். நீதிமன்றத்தில் அவர் கண் முழுக்கச் சாட்சியின் வாயில்தான் இருக்கும். "அடுத்த கேள்வி அவன் சொல்ற பதில்ல இருக்குப்பா" என்பார். டே வக்கீல் தொழிலில் நிலைக்கவில்லை, ஆனால் அங்கே கற்றதை மறக்கவே இல்லை என்று இந்தப் பேட்டியைப் படிக்கும்போதெல்லாம் எனக்குத் தோன்றும்.

கேள்வி (நாகர்கோவில் வாசகர்): பதவியில் இருக்கும் பிரதமரையே மடக்கிக் கேட்டார் என்று படித்தேன். அது மரியாதைக் குறைவு இல்லையா? பதவிக்கு ஒரு கௌரவம் வேண்டாமா?

நீங்கள் சொல்வது 1958 பிப்ரவரியில் பிரதமர் ஹரால்ட் மேக்மில்லனோடு நடந்த பேட்டி. அந்தச் சமயத்தில் மேக்மில்லன் காமன்வெல்த் நாடுகளைச் சுற்றிவிட்டுத் திரும்பியிருந்தார். பதவியில் இருக்கும்போதே இந்தியாவுக்கு வந்த முதல் பிரிட்டிஷ் பிரதமர் அவர்தான், அது அந்தப் பயணத்தில்தான். அவர் கிளம்புகிற நேரத்தில் நிதியமைச்சர் ராஜினாமா செய்திருந்தார். திரும்பி வந்தால் இடைத்தேர்தலில் அடி. வெளியுறவு அமைச்சர் செல்வின் லாயிடை ஆளுங்கட்சிக்கு ஆதரவான பத்திரிகைகளே கடுமையாக விமர்சித்துக்கொண்டிருந்தன.

டே கேட்டது இதுதான்: வெளியுறவு அமைச்சரைப் பற்றி, முக்கியமாக உங்கள் கட்சி சார்ந்த பத்திரிகைகளில், கடந்த சில நாட்களாக வரும் விமர்சனங்களைப் பற்றி என்ன நினைக்கிறீர்கள், பிரதமர் அவர்களே? மேக்மில்லன் தயங்கவில்லை. லாயிட் நல்ல வெளியுறவு அமைச்சர், அப்படி நினைக்காவிட்டால் நானே மாற்றியிருப்பேன், யாருடைய நெருக்கடிக்காகவும் மாற்ற மாட்டேன் என்றார்.

மறுநாள் பத்திரிகைகளில் பெரிய சண்டை. ஒரு பிரதமர் பொதுவெளியில் இதுவரை சந்திக்காத அளவு கடுமையான விசாரணை என்று எழுதினார்கள். ஒரு புகழ்பெற்ற பத்தி எழுத்தாளர், இப்படிக் கேட்டால் ஒரு பிரதமர் வேறு என்னதான் சொல்ல முடியும், இந்தக் கேள்வியைக் கேட்டிருக்கவே கூடாது என்று வாதிட்டார். தொலைக்காட்சி ஒரு அமைச்சரின் பதவியைத் தீர்மானிக்கும் சக்தியாக மாறிவிடக் கூடாது என்பது அவருடைய கவலை. அந்தக் கவலையை நான் மதிக்கிறேன், அதில் உண்மை இருக்கிறது.

ஆனாலும் நான் டே பக்கம்தான். மரியாதை என்பது எங்கே இருக்கிறது என்று பாருங்கள். 'பிரதமர் அவர்களே' என்றுதான் கூப்பிட்டார், குறுக்கே பேசவில்லை, பதிலை முழுக்கச் சொல்லவிட்டார். நாட்டில் டீக்குடிக்கும் இடத்திலெல்லாம் பேசப்பட்ட ஒரு விஷயத்தை, அதற்குப் பதில் சொல்ல வேண்டிய ஒரே மனிதரிடம் கேட்டார். அதைத் தவிர்த்துவிட்டு, இந்தியப் பயணம் எப்படி இருந்தது என்று கேட்டிருந்தால் பிரதமருக்குக் கௌரவம், பார்த்துக்கொண்டிருந்த லட்சக்கணக்கான பேருக்கு அவமரியாதை. மேக்மில்லனும் அதனால் ஒன்றும் குறைந்துபோகவில்லை. அந்தப் பேட்டியில் அவர் திடமாக, சாவதானமாகத் தெரிந்தார். அடுத்த ஆண்டு பொதுத்தேர்தலில் பெரிய வெற்றி பெற்றார். கடினமான கேள்வி நல்ல பதில்காரருக்கு உதவியும் செய்யும். நம் தலைவர்கள் பலருக்கு இது இன்னும் புரியவில்லை.

லாயிட் என்ன ஆனார் என்று கேட்பீர்கள். 1960 வரை வெளியுறவு அமைச்சராகவே இருந்தார், பிறகு நிதியமைச்சர் ஆனார். 1962 ஜூலையில், ஒரே நாளில் அமைச்சரவையின் மூன்றில் ஒரு பங்கை மேக்மில்லன் வெளியேற்றியபோது லாயிடும் போனார்.

கேள்வி (ஈரோடு வாசகர்): இவ்வளவு அரசியல் தெரிந்தவர் தேர்தலில் நிற்கவில்லையா?

நின்றார். 1959 பொதுத்தேர்தலில் ஹெரஃபோர்ட் தொகுதியில் லிபரல் கட்சி வேட்பாளராக நின்று தோற்றார். அதற்குப் பிறகு பிபிசி தொலைக்காட்சியின் நடப்பு விவகார நிகழ்ச்சியான 'பனோரமா'வுக்குப் போய்விட்டார். அவரோடு ஐடிஎன்னில் இருந்த சாட்டவே அதே தேர்தலில் கன்சர்வேட்டிவ் கட்சி சார்பில் ஜெயித்து, பின்னாளில் அமைச்சரும் ஆனார். டே தோற்றது பிரிட்டனுக்கு லாபம் என்றுதான் சொல்வேன். லிபரல் கட்சிக்கு அப்போது நாடாளுமன்றத்தில் ஆறே உறுப்பினர்கள். ஏழாவது ஆளாகப் பின்வரிசையில் உட்கார்ந்து அவர் என்ன கேட்டிருக்க முடியும்?

கேள்வி (திருநெல்வேலியிலிருந்து ஒரு இதழியல் மாணவி): பேட்டி எடுக்கப் போகும்போது எவ்வளவு கடுமையாக இருக்கலாம், எங்கே நிறுத்த வேண்டும் என்று எங்களுக்கு யாரும் சொல்லித் தருவதில்லை. ராபின் டே ஏதாவது சொல்லியிருக்கிறாரா?

சொல்லியிருக்கிறார் அம்மா, நன்றாகவே சொல்லியிருக்கிறார். 1961இல் எழுதிய தன் முதல் புத்தகத்திலேயே பேட்டியாளருக்கு ஒரு ஒழுங்குமுறையை எழுதி வைத்தார். தொழிலுக்கு வந்து ஆறு ஆண்டுகூட ஆகவில்லை, அப்போதே. தன் கையில் புதிதாக வந்திருக்கும் சக்தி எவ்வளவு ஆபத்தானது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. அதில் எனக்குப் பிடித்தவற்றை என் வார்த்தையில் சொல்கிறேன்.

பதவியில் இருப்பவரைப் பார்த்து மலைத்துப்போகாதே. உன் சொந்த விருப்பு வெறுப்பைக் கழற்றி வைத்துவிட்டு, மாற்றுக் கருத்து எதுவோ அதைக் கேள்வியாக்கு. கேள்விகளை முன்கூட்டியே கொடுக்காதே, எந்தெந்த விஷயம் என்று வேண்டுமானால் சொல். சங்கடமான விஷயத்தை விட்டுவிடுகிறேன் என்று பேரம் பேசாதே. பதில் சொல்ல நியாயமான நேரம் கொடு. விடாமல் கேள், ஆனால் சலிப்பு வரும்படியோ புண்படும்படியோ கேட்காதே, நான் பெரிய கடுமையான ஆள் என்று காட்டிக்கொள்வதற்காகக் கேட்கவே கேட்காதே. நீ வழக்குத் தொடுக்கும் வக்கீலும் இல்லை, மனநல மருத்துவரும் இல்லை, போலீஸ் விசாரணை அதிகாரியும் இல்லை. பார்ப்பவர்கள் சார்பாகத் தகவல் தேடும் பத்திரிகையாளன்.

இவற்றில் நீங்கள் முக்கியமாக மனதில் வைக்க வேண்டியது இன்னொன்று இருக்கிறது. தொலைக்காட்சிக்குப் பழக்கமில்லாத மனிதரிடம் உன் தொழில் சாமர்த்தியத்தைக் காட்டி அவரை மாட்டிவிடாதே என்கிறார். அமைச்சரிடம் காட்டும் கடுமையை, மகனை இழந்த ஒரு தாயிடமோ, வாழ்க்கையில் முதல் தடவை மைக் பார்க்கும் ஒரு விவசாயியிடமோ காட்டக் கூடாது. இந்த வித்தியாசம் தெரியாத நிருபர்களை நான் ஆஸ்பத்திரி வாசல்களிலும் விபத்து நடந்த இடங்களிலும் பார்த்து மனம் நொந்திருக்கிறேன். பதவி இல்லாதவர் உங்களுக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டவர் இல்லை. பொதுப் பணத்தையும் பொது அதிகாரத்தையும் கையில் வைத்திருப்பவருக்குத்தான் அந்தக் கடமை.

நடைமுறைக்கு வருவோம். போவதற்கு முந்தின நாள், அவர் அந்த விஷயம் பற்றிச் சட்டமன்றத்தில் பேசியது, பத்திரிகைக்குச் சொன்னது, தேர்தல் அறிக்கையில் எழுதியது மூன்றையும் படித்துவிடுங்கள். தேதியோடு குறித்துக்கொள்ளுங்கள். "அப்படி நான் சொல்லவே இல்லை" என்று அவர் சொன்னால் தேதி கையில் இருக்க வேண்டும். கேள்வி நீளக் கூடாது. ஒரு கேள்விக்குள் இரண்டு கேள்வி வைத்தால் அவர் சுலபமானதை எடுத்துக்கொள்வார். முதல் தடவை பதில் வரவில்லை என்றால் அதே கேள்வியை இன்னும் சுருக்கிக் கேளுங்கள். இரண்டாவது தடவையும் வரவில்லையா, "சரி, இதற்கு நீங்கள் பதில் சொல்ல விரும்பவில்லை என்று எடுத்துக்கொள்கிறேன்" என்று சொல்லிவிட்டு அடுத்ததற்குப் போங்கள். பார்ப்பவர்களுக்குப் புரிந்துவிடும். மூன்றாவது, நான்காவது தடவை கத்தினால் அனுதாபம் அவர் பக்கம் போய்விடும்.

கேள்வி (சேலம் வாசகர்): அமைச்சர் ஒருவர் மைக்கைக் கழற்றிப் போட்டுவிட்டு எழுந்து போனாராமே? அதுதானே அவருடைய பெரிய சாதனை?

எழுந்து போனவர் ஜான் நாட், தாட்சர் அரசின் பாதுகாப்பு அமைச்சர். 1982 அக்டோபர், அர்ஜென்டினாவோடு நடந்த ஃபாக்லாந்து போர் முடிந்த சில மாதங்களில், பிரைட்டனில் கட்சி மாநாடு நடந்தபோது. கடற்படையைச் சுருக்கும் அவருடைய திட்டம் பற்றிப் பேச்சு. அடுத்த தேர்தலில் நிற்கப் போவதில்லை என்று அவர் ஏற்கெனவே அறிவித்திருந்தார். இன்று இருந்து நாளை போய்விடும் ஒரு அரசியல்வாதியான உங்களை, ஒரு மூத்த கடற்படை அதிகாரியை விட அதிகமாக மக்கள் ஏன் நம்ப வேண்டும் என்ற பொருளில் டே கேட்டார். இந்தப் பேட்டி எனக்கு அலுத்துவிட்டது, கேலிக்கூத்து என்று சொல்லிவிட்டு நாட் எழுந்தார். டே அமைதியாக, நன்றி மிஸ்டர் நாட் என்றார்.

எல்லோருக்கும் நினைவில் நிற்பது இந்தக் காட்சிதான். ஆனால் இதை அவருடைய பெரிய சாதனை என்று நான் சொல்ல மாட்டேன். கேள்வியின் உள்ளே இருந்தது நியாயமானது: பணியை விட்டுப் போகப்போகிறவர் எடுக்கும் முடிவின் பலனைப் பல வருடம் சுமக்கப்போவது கடற்படை. அதை மட்டும் கேட்டிருந்தால் நாட் பதில் சொல்லியே ஆக வேண்டியிருந்திருக்கும். கூடச் சேர்த்த அடைமொழி அவருக்கு எழுந்து போக ஒரு கதவைத் திறந்துவிட்டது. விளைவு, நாற்காலி காலியாக இருக்கும் படம் கிடைத்தது, கடற்படை பற்றிய பதில் கிடைக்கவில்லை. பதில் கிடைக்காத பேட்டியை வெற்றி என்று கொண்டாடும் பழக்கம் நமக்கு வேண்டாம். நாட் பிற்பாடு தன் சுயசரிதைக்கு, 'இன்று இருந்து நாளை போய்விடும்' என்ற டேயின் அந்தச் சொற்களையே தலைப்பாக வைத்துக்கொண்டார், அது அவருடைய பெருந்தன்மை.

கேள்வி (பாண்டிச்சேரி வாசகர்): மார்கரெட் தாட்சரிடம் இவருடைய வித்தை பலித்ததா?

பல சமயம் பலிக்கவில்லை, அதை அவரே வருத்தத்தோடு எழுதியிருக்கிறார்.

தாட்சர் கேள்வி முடிவதற்குள் தொடங்குவார், மூச்சு விடாமல் பேசுவார், வாக்கியத்தின் முடிவில் நிறுத்தாமல் நடுவில் மூச்சு எடுப்பார். குறுக்கே புகுந்தால் ஒரு பெண்மணியின் பேச்சில் இடையூறு செய்யும் முரடனாகத் தெரிய வேண்டும். 1987 தேர்தல் சமயத்துப் பேட்டி ஒன்றில் டே, இது கட்சிப் பிரசார ஒளிபரப்பு இல்லை, பேட்டி, நானும் அவ்வப்போது கேள்வி கேட்டால்தான் இது பேட்டியாக இருக்கும் என்று கெஞ்சாத குறையாகச் சொல்ல வேண்டியிருந்தது.

விஷயம் தாட்சர் ஒருவரோடு முடியவில்லை. 1958இல் மேக்மில்லனுக்குப் பேட்டி என்பது புதிய அனுபவம். 1980களில் எல்லாக் கட்சிகளிலும் இதற்குப் பயிற்சி கொடுக்க ஆட்கள் வந்துவிட்டார்கள். எந்தக் கேள்வி வந்தாலும் நீ சொல்ல வந்த மூன்று விஷயத்தைச் சொல்லிவிட்டு வா என்று சொல்லித் தந்தார்கள். தான் உருவாக்கிய பேட்டி முறையை அரசியல்வாதிகள் கைப்பற்றி, தங்கள் மேடையாக மாற்றிக்கொண்டார்கள் என்று டே மனம் கசந்தார்.

இதற்கும் முன்னால், 1970இலேயே, அவர் ஒரு மாத இதழில் தன் தொழிலைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். தொலைக்காட்சி தன் இயல்பாலேயே படத்துக்கும் பரபரப்புக்கும் சாய்கிறது, காரண காரியத்தை விட உணர்ச்சியையும் வன்முறையையும் நன்றாகக் காட்டுகிறது, வேலை நிறுத்தத்தின் காரணத்தை விளக்குவதை விட வேலை நிறுத்தத்தில் நடக்கும் கைகலப்பைக் காட்டுவது அதற்குச் சுலபம் என்ற கவலை அதில் இருந்தது. புகழின் உச்சியில் இருந்தபோது எழுதியது. தனக்குச் சோறு போட்ட ஊடகத்தைப் பற்றி இவ்வளவு நேர்மையாக எழுதியவர்கள் குறைவு. எழுதியதோடு நிற்காமல், படம் இல்லாத வானொலிக்கும் நிறைய நேரம் கொடுத்தார். 1979 முதல் 1987 வரை பிபிசி வானொலியின் மதியச் செய்தி நிகழ்ச்சியை நடத்தினார்.

கேள்வி (தஞ்சாவூர் வாசகர்): சாதாரண மக்கள் கேள்வி கேட்கும் நிகழ்ச்சியும் அவர் நடத்தியதுதானா?

இரண்டு நடத்தினார். 1974 தேர்தலில் வானொலியில் 'எலெக்‌ஷன் கால்' என்ற நிகழ்ச்சி வந்தது. வாக்காளர்கள் தொலைபேசியில் கூப்பிட்டுக் கட்சித் தலைவர்களை நேரடியாகக் கேட்கலாம். டே நடுவில் இருந்து, தலைவர் நழுவினால் அழைத்தவருக்காகக் கேள்வியைத் திரும்ப எடுத்துக் கொடுப்பார்.

1979 செப்டம்பர் 25 அன்று தொலைக்காட்சியில் 'கொஸ்டின் டைம்' தொடங்கியது. நான்கு பேர் மேடையில், பார்வையாளர்கள் எதிரே, கேள்வி பார்வையாளர்களுடையது. முதல் நிகழ்ச்சியில் இரண்டு அரசியல்வாதிகளோடு ஒரு நாவலாசிரியையும் ஒரு பேராயரும் இருந்தார்கள். கொஞ்ச நாள் ஓட்டலாம் என்று தொடங்கியது இன்றுவரை ஓடுகிறது. முதல் பத்து ஆண்டுகள் டே நடத்தினார். இதில் அவர் வேறு மனிதர். சுருட்டும் வில் டையுமாக, சிரிக்கவைத்துக்கொண்டு, ஆனால் கேட்டவருக்குப் பதில் கிடைத்ததா என்று அவரிடமே திரும்பிக் கேட்டுக்கொண்டு இருப்பார். அந்தத் திரும்பிக் கேட்டல் எனக்கு மிகவும் பிடிக்கும். நம் ஊர் அரங்க நிகழ்ச்சிகளில் கேள்வி கேட்டவரிடமிருந்து மைக் போய்விட்டால் அப்புறம் அவரை யாரும் பார்ப்பதே இல்லை.

கேள்வி (விருதுநகர் வாசகர்): பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தைத் தொலைக்காட்சியில் காட்ட இவர் போராடினார் என்பது உண்மையா? பேட்டியாளருக்கு அதில் என்ன அக்கறை?

உண்மை. 1963லேயே இதை வலியுறுத்தி ஒரு சிறு நூல் எழுதினார். அவர் வாதம் நேர்மையானது: மக்களால் தேர்ந்தெடுக்கப்படாத என்னைப் போன்ற ஆள் ஸ்டூடியோவில் உட்கார்ந்து பிரதமரைக் கேள்வி கேட்பதை நாடு பார்க்கிறது, மக்கள் தேர்ந்தெடுத்த உறுப்பினர்கள் அவையில் கேட்பதை நாடு பார்க்க முடியவில்லை, இது சரியில்லை. அவையைக் காட்டினால் ஸ்டூடியோ பேட்டியின் முக்கியத்துவம் குறையும் என்று தெரிந்தேதான் கேட்டார்.

1966இல் கீழவையில் ஓட்டுக்கு வந்தபோது ஒரே ஒரு ஓட்டில் தோற்றது. 130க்கு 131. ஒலிபரப்பு மட்டும் 1978இல் வந்தது. பிரபுக்கள் அவை 1985இல் கேமராவை அனுமதித்தது. கீழவையில் கேமரா வந்தது 1989 நவம்பர் 21 அன்று. அவர் எழுதி 26 ஆண்டுகள் கழித்து.

கேள்வி (காரைக்குடி வாசகர்): அவர் புத்தகங்களில் எதை முதலில் படிக்கலாம்?

1961இல் வந்தது தொலைக்காட்சி பற்றிய அவருடைய தனிப்பட்ட அறிக்கை. 1975இல் வந்தது கட்டுரைத் தொகுப்பு. 1989இல் வந்தது சுயசரிதை, அது சுவாரசியம், மேக்மில்லன் முதல் தாட்சர் வரை எல்லோரும் வருகிறார்கள். 1981இல் சர் பட்டம் கிடைத்தது, 2000 ஆகஸ்ட் 6 அன்று காலமானார். நான் சொல்வது, சுயசரிதையில் தொடங்காதீர்கள். 1961 புத்தகத்தைப் பழைய புத்தகக் கடையிலோ நூலகத்திலோ தேடிப் பிடித்து, நாசர் பேட்டியையும் பேட்டியாளருக்கான ஒழுங்குமுறையையும் முதலில் படியுங்கள். பிறகு இணையத்தில் கிடைக்கும் மேக்மில்லன் பேட்டியைப் பாருங்கள். நெல்லை மாணவிக்கும் இதே வரிசைதான்.